கார்லைல் அணியும் 1912ஆம் ஆண்டுப் பந்தாட்டப் பருவமும்

ஆட்டக்களத்திலே பெறப்படும் வெற்றி தோல்விகள் அடுத்த பருவம் தொடங்குமுன்னரே மறக்கப்படுவது உலகியல்பு. கல்லூரிச் சஞ்சிகையிலே அணியின் நிழற்படமும் அதன்கீழ்ப் பெயர் வரிசையும் எஞ்சும், அவ்வளவே. ஆயினும், நூற்றாண்டொன்று கடந்த பின்னரும் வரலாற்றாசிரியர் மீட்டும் மீட்டும் எடுத்தாராயும் பருவமொன்று உண்டு. ஐக்கிய அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்திலே கார்லைல் என்னுஞ் சிறு நகரில் இயங்கிய பாடசாலையொன்றின் அணி 1912ஆம் ஆண்டில் ஆடிய பருவமே அது. அவ்வணியினர் யாவரும் அந்நாட்டின் ஆதிக்குடிகளைச் சேர்ந்த இளைஞர். அவர்களை ஆதிக்குடிகளாக இல்லாமற் செய்வதற்கென்றே அப்பாடசாலை நிறுவப்பட்டிருந்தது. இம்முரண்பாட்டை உளங்கொள்ளாது புள்ளிகளை மட்டும் எண்ணிப் பார்ப்பவர்க்கு அப்பருவத்தின் பொருள் புலப்படாது.

பாடசாலையை நிறுவியவர் ரிச்சட் ஹென்றி பிராற் என்னுங் குதிரைப்படை அலுவலர். புளோரிடாவிலுள்ள பழைய கோட்டையொன்றிலே 1875ஆம் ஆண்டு முதலாகச் சிறை வைக்கப்பட்டிருந்த ஆதிக்குடிப் போர்வீரர்களுக்கு ஆங்கிலமும் ஒழுங்கும் கற்பித்த அனுபவம் அவருக்கு இருந்தது. அதனையே சிறார்க்கும் கையாளலாமென அரசாங்கத்தை இணங்கச்செய்து, 1879ஆம் ஆண்டிலே கார்லைலில் வெறுமையாய்க் கிடந்த படைமுகாமைப் பெற்றுப் பாடசாலையாக்கினார். முதல் மாணவர் பலர் லக்கோட்டா மக்களின் பிள்ளைகள். வந்திறங்கிய சின்னாட்களில் அவர்களுடைய நீண்ட கூந்தல் வெட்டப்பட்டது, உடைகள் மாற்றப்பட்டன, தாய்மொழி பேசுதல் தடுக்கப்பட்டது. கரும்பலகையில் எழுதப்பட்டிருந்த ஆங்கிலப் பெயர்களுள் ஒன்றைக் கோலினாற் சுட்டித் தெரிவுசெய்யுமாறு பணிக்கப்பட்டதை, அவ்வாறு ‘லூதர்’ ஆகிய ஸ்ராண்டிங் பெயர் என்பார் பிற்காலத்தில் எழுதிவைத்துள்ளார். வாசிக்கத் தெரியாத பிள்ளை தன் பெயரைத் தானே தெரிந்த விந்தை அது. மனிதனைக் காத்தற்பொருட்டு அவனுள் உறையும் இந்தியனை ஒழித்தல் வேண்டும் என்பதே பிராற் 1892இல் நிகழ்த்திய புகழ்பெற்ற உரையின் சாரம். அவர் அம்மக்களை வெறுத்தவரல்லர் என்பதையுங் கூறுதல் நேர்மை. அவர்களும் வெள்ளையரும் பிறப்பாற் சமமென்று அக்காலத்தில் உரத்துக் கூறிய மிகச் சிலருள் அவரும் ஒருவர். சமமானவர்க்குச் சொந்த மொழியும் சொந்தப் பெயரும் இருக்கலாம் என்பது மாத்திரம் அவருக்குத் தோன்றவில்லை.

பெயர் மாற்றும் வழக்கம் யாழ்ப்பாணத்தார்க்குப் புதிதன்று. 1816இல் யாழ்ப்பாணம் வந்த அமெரிக்க மிஷனை அனுப்பிய சங்கமே 1817இல் செரோக்கி மக்களிடையே பிரெயினேட் பாடசாலையை நிறுவியது. பொருளுதவி செய்த அமெரிக்கரின் பெயரை மாணாக்கர்க்கு இடும் வழக்கம் ஈரிடத்தும் இருந்தது.  ஆயினும் வட்டுக்கோட்டையிலே தமிழ் கற்பிக்கப்பட்டது. கார்லைலிலோ தாய்மொழிக்கு இடமே இருக்கவில்லை. வேற்றுமை பெரிது.

கார்லைல், கல்லூரி என்று பத்திரிகைகளில் வழங்கப்பட்டதேனும் உண்மையிற் கல்லூரியன்று. அரைநாட் பாடம், அரைநாட் கைத்தொழில் என்பதே ஆங்கு நடைமுறை. தையல், தச்சு, கொல்லு, அச்சு முதலியன பயிற்றப்பட்டன. விடுமுறையிலும் பிள்ளைகள் வீடு செல்லாது வெள்ளையரின் பண்ணைகளில் வேலைக்கு அனுப்பப்பட்டனர். இருபாலாருமாக ஆயிரம் பேர்வரை பயின்ற காலத்தும் பந்தாடும் வயதினரான ஆடவர் சில நூற்றுவரே. இவர்களே ஹாவேட், பென்சில்வேனியா முதலிய பெரும் பல்கலைக்கழகங்களை எதிர்த்து ஆடினர்.

ஈண்டு ‘பந்தாட்டம்’ என்றது நம் நாட்டில் ஆடப்படும் உதைபந்தாட்டத்தை அன்று. அமெரிக்கர் ‘புட்போல்’ என வழங்குவது ரக்பி ஆட்டத்தினின்று பிரிந்து வளர்ந்த வேறோர் ஆட்டம். நீள்முட்டை வடிவான பந்தைக் கையிற் பற்றிக்கொண்டு ஓடி எதிரணியின் எல்லைக்கோட்டைக் கடத்தலே அதன் நோக்கம். அதனை ‘டச்டவுன்’ என்பர். 1912ஆம் ஆண்டு விதிகளின்படி அதற்கு 6 புள்ளி. அதன்பின் கம்பங்களிடையே பந்தை உதைத்தால் மேலும் 1. ஆட்டத்தினிடையே அவ்வாறு உதைத்து வீழ்த்தினால் 3. பந்து வைத்திருக்கும் அணி 10 யார் முன்னேறுவதற்கு நான்கு முயற்சிகள் உண்டு.

தொடக்கத்தில் இஃது உடற்பாரத்தால் மோதும் ஆட்டமாகவே இருந்தது. கைகோத்து ஆப்புப்போல் முன்தள்ளும் முறையால் எலும்பு முறிவும் உயிரிழப்பும் மலிந்தன. 1905ஆம் ஆண்டில் ஜனாதிபதி தியடோர் ரூஸ்வெல்ற் பல்கலைக்கழகப் பிரதிநிதிகளை வெள்ளை மாளிகைக்கு அழைத்து எச்சரிக்க நேர்ந்தது. அடுத்த ஆண்டே விதிகள் திருத்தப்பட்டு, பந்தை முன்னோக்கி எறிதல் அனுமதிக்கப்பட்டது. பாரமுடையான் வெல்லும் ஆட்டம் விரைவுடையானும் வெல்லக்கூடிய ஆட்டமாயிற்று. இம்மாற்றத்தாற் பெரும்பயன் பெற்றவர் கார்லைல் இளைஞரே. எதிரணியினரை நோக்க அவர்கள் பெரும்பாலும் மெலிந்தவர்.

பிராற் முதலில் இவ்வாட்டத்தை விரும்பவில்லை. 1890ஆம் ஆண்டளவில் மாணவனொருவன் காலொடிந்தபின் வெளியணிகளோடு ஆடுதலைத் தடுத்தார். மாணவர் பலர் திரண்டு வந்து முறையிட்டபோது இரண்டு நிபந்தனைகளோடு இசைந்தார் என அவரே எழுதியுள்ளார். எதிரி அடித்தாலும் திருப்பி அடித்தலாகாது என்பது ஒன்று. சில ஆண்டுகளுள் நாட்டின் தலைசிறந்த அணியை வெல்லுதல் வேண்டும் என்பது மற்றொன்று. அடித்தால் ‘காட்டுமிராண்டிகள்’ என்று பார்ப்போர் கூறுவர் என்பது அவர் கூறிய காரணம். ஒருவனுடைய ஆட்டம் அவனுடைய இனத்தின் சோதனையாகக் கொள்ளப்படுகையில் அவன்மேல் ஏற்றப்படும் பாரம் இத்தகையது.

கிளென் வோர்னர் என்பார் 1899இல் பயிற்றுநராக வந்தார். இடையில் விலகி, 1907இல் மீண்டு, 1914வரை பணியாற்றினார். தந்திரங்களில் அவருக்கிருந்த நாட்டம் பெரிது. 1903இல் ஹாவேட்டுக்கு எதிரான ஆட்டத்தில் உதைத்துவந்த பந்தைப் பற்றிய வீரன் அதனைத் தன் தோழன் டிலனின் முதுகுப்புறத்து மேற்சட்டைக்குள் நுழைத்துவிட, எதிரணியினர் பந்தைத் தேடி அலையும்போதே டிலன் எல்லைக்கோட்டை அடைந்த கதை இன்றுஞ் சொல்லப்படுகிறது. அவ்வாட்டத்தில் ஹாவேட்டே 12க்கு 11 என வென்றது என்பதைக் கதை சொல்வோர் பலர் விட்டுவிடுவர். மெய்யான வெற்றி 1907இற் கிட்டியது. எறிபந்து முறையை நன்கு பயின்ற அணி பென்சில்வேனியாவை 26க்கு 6 எனவும் ஹாவேட்டை 23க்கு 15 எனவும் வென்றது. 1911இல் மீண்டும் ஹாவேட் 18க்கு 15 எனத் தோற்றது. அன்று காலில் அடிபட்டிருந்த நிலையிலும் நான்கு முறை கம்பங்களிடையே பந்துதைத்தவர் ஜிம் தோர்ப்.

தோர்ப், சாக் அண்ட் பொக்ஸ் மக்களைச் சேர்ந்தவர். பிற்காலத்தில் ஒக்லகோமா எனப்பட்ட நிலத்திற் பிறந்தவர். 1912ஆம் ஆண்டுக் கோடையில் ஸ்ரொக்கோம் ஒலிம்பிக் போட்டியிலே ஐந்திறற் போட்டி, பத்திறற் போட்டி இரண்டிலும் தங்கப் பதக்கம் பெற்றார். அதே போட்டியில் 10,000 மீற்றர் ஓட்டத்தில் வெள்ளிப் பதக்கம் பெற்ற ஹோப்பி இளைஞர் லூயி தெவானிமாவும் கார்லைல் மாணவரே. தோர்ப் திரும்பியதும் அணித்தலைமை ஏற்றார். அணியின் நடுநாயகமாய் நின்று ஆட்டத்தை நெறிப்படுத்தியவர் ஒஜிப்வே மரபினரான கஸ் வெல்ச். ஜோ கயோனும் அம்மரபினரே. அலெக்ஸ் ஆர்காசா வடமேற்கிலுள்ள கொல்வில் குடியிருப்பிலிருந்து வந்தவர். பீற் கலாக் கலிபோர்ணியாவினர். ஒருவர் மொழி மற்றவர்க்கு விளங்காத இவர்கள் பேசிக்கொண்டது, தம் மொழிகளை ஒழிக்கவந்த ஆங்கிலத்திலேயே.

செப்டெம்பர் 21இல் தொடங்கி நவம்பர் 28இல் முடிந்த பத்து வாரங்களுக்குள் பதினான்கு ஆட்டங்கள். முதல் நான்கிலும் எதிரணிகள் சிறியன. வில்லனோவா 65க்கு 0 எனத் தோற்றது. ஐந்தாவது ஆட்டத்தில் வாஷிங்டன் அண்ட் ஜெபர்சன் கல்லூரியோடு எவரும் புள்ளி பெறாது முடிந்தமை அனைவரையும் வியப்பித்தது. அதன்பின் சிரக்கியூஸ் 33க்கு 0, பிற்ஸ்பேர்க் 45க்கு 8. ஒக்டோபர் 26ஆந் தேதி சனிக்கிழமை தலைநகர் வாஷிங்டனில் ஜோர்ஜ்ரவுணை 34க்கு 20 என வென்று, அடுத்த திங்கட்கிழமை கனடாவின் ரொறன்ரோவில் ஆடினர். அங்கே 49க்கு 1. தனித்து நிற்கும் அந்த ஒற்றைப் புள்ளி கனடிய விதிகளின் கொடை. அமெரிக்க விதிகளில் அஃது இல்லை. புகையிரதத்திலேயே உறங்கி, இறங்கிய ஊரில் ஆடி, மீண்டும் ஏறிப் பயணஞ்செய்த இளைஞர் எப்பொழுது பாடம் படித்தனர் என்னும் வினா எழுதல் இயல்பு. நுழைவுப் பணத்திற் பங்கு வேண்டியே அவ்வாறு ஊரூராய் அலைந்தனர். பெரிய ஊர்களில் பெருங்கூட்டம் கூடியது. கூட்டம் பார்க்க வந்தது பண்பட்ட மாணவரை அன்று. பத்திரிகைகள் வரைந்து காட்டிய கோடரியும் இறகுமுடைய ‘இந்தியரை’. பாடசாலை எதனை ஒழிக்க முயன்றதோ அதனையே அதன் அணி விளம்பரமாக்கிப் பணம் ஈட்டியது.

நவம்பர் 9ஆந் தேதி வெஸ்ற் பொயின்ற். ஐக்கிய அமெரிக்கத் தரைப்படையின் அலுவலர்களைப் பயிற்றும் கழகம் அது. வூண்டட் நீ என்னுமிடத்தில் அப்படையினர் நூற்றுக்கணக்கான லக்கோட்டா ஆடவர் பெண்டிர் குழந்தைகளைச் சுட்டுக்கொன்றது 1890ஆம் ஆண்டு டிசெம்பரில். இருபத்திரண்டு ஆண்டுகளே கடந்திருந்தன. எதிரிலிருப்போர் உம் தந்தையரோடு பொருத வீரரின் மைந்தர் என்பதை மறவாதீர் என்று ஆட்டத்துக்குமுன் வோர்னர் கூறியதாகச் சொல்வர். அணியிற் பலர் அப்போரிற் பட்ட மக்களின் வழிவந்தோர் அல்லர் என்பதை நோக்க, இச்சொல் வரலாற்றளவில் அத்துணைப் பொருத்தமுடையதன்று. ஆயின் நிலமிழந்த கதை எல்லார்க்கும் பொது. மறுபக்கத்து அணியில் ஆடியோருள், நாற்பதாண்டின்பின் ஜனாதிபதியாய் வந்த டுவைற் ஐசனோவரும் ஒருவர்.

வோர்னர் அன்று புதியதோர் அணிவகுப்பைக் கையாண்டார். பந்தின் பின்னே ஓடுவோர் ஒருசேர நிற்பதே வழக்கம். அவர்களுள் இருவரை வரிசையின் இரு ஓரங்களுக்கும் வெளியே சற்றுப் பின்னாக நிறுத்தினார். இதனை ‘இரட்டைச் சிறகு’ என்பர். பந்து எப்பக்கம் செல்லும், ஓடிச் செல்லுமா எறியப்படுமா என்பதை எதிரணியினர் கணிக்க இயலாது திகைத்தனர். முதற் புள்ளிகளைப் பெற்றவர் படைக்கழகத்தாரே, ஆறு புள்ளி. உதை தவறியதால் ஏழாவது கிட்டவில்லை. பேர்ஜி என்பார் எல்லைக்கோட்டைக் கடக்க, தோர்ப் உதைக்க, கார்லைல் 7க்கு 6 என முந்தியது. இடைவேளையின் பின் ஆட்டம் கடுமையுற்றது. படைக்கழகத்தின் அணித்தலைவர் டெவோர் கயோன்மேற் பாய்ந்து தாக்கியமையால் வெளியேற்றப்பட்டார். தோர்ப்பைச் சேர்ந்து வீழ்த்தக் கருதிய ஐசனோவரும் தோழர் ஒருவரும், அவர் சட்டென ஒதுங்கிவிட, ஒருவரோடொருவர் மோதிக் களத்தைவிட்டு நீங்கினர். முடிவு 27க்கு 6.

அவ்வாட்டத்தைப் பற்றி வழங்கும் கதையொன்றை ஈண்டு ஆராய்தல் தகும். தோர்ப் 92 யார் ஓடிப் பெற்ற டச்டவுன் விதிமீறலால் தள்ளப்பட, அடுத்த உதையிலேயே 97 யார் ஓடி மீண்டும் பெற்றார் என்று பல நூல்கள் கூறும். கார்லைல் பெற்ற 27 புள்ளிகள் நான்கு டச்டவுனும் மூன்று உதையுமாம். ஆட்டப் பதிவின்படி அந்நான்கினுள் மூன்று ஆர்காசாவுடையன, ஒன்று பேர்ஜியுடையது. தோர்ப்புக்கு எஞ்சியது யாதுமில்லை. அவர் ஓடிய அழகிய ஓட்டமொன்று தள்ளப்பட்டது உண்மை; உடனே மற்றொன்று ஓடியமை பின்னர் வளர்ந்த கற்பனை. அவருடைய பெருமை அதனாற் குறையாது. ஆர்காசாவின் பெயர்தான் அக்கற்பனையால் மறைந்தது. வீரன் ஒருவனே என்று சொல்லப்படும் கதைகளிலெல்லாம் இந்தக் குறை உண்டு.

ஒரு வாரத்தின்பின் பென்சில்வேனியாப் பல்கலைக்கழகத்திடம் 34க்கு 26 எனத் தோற்றனர். அப்பருவத்தின் தோல்வி அதுவொன்றே. ஸ்பிறிங்பீல்டை வென்ற ஆட்டத்திற் கார்லைல் பெற்ற 30 புள்ளிகளையும் தோர்ப் ஒருவரே பெற்றார். இறுதியாக நன்றிகூறும் நாளன்று பிறவுண் பல்கலைக்கழகம் 32க்கு 0 என வீழ்ந்தது. பன்னிரண்டு வெற்றி, ஒரு தோல்வி, ஒரு சமநிலை. பெற்ற புள்ளி 504, கொடுத்த புள்ளி 114.

இரண்டு மாதங் கழியுமுன் தோர்ப்பின் பதக்கங்கள் பறிக்கப்பட்டன. 1909, 1910ஆம் ஆண்டுகளின் கோடையில் வட கரொலைனாவிலே சிறுதொகை பெற்றுப் பேஸ்போல் ஆடினார் என்பது குற்றம். பிற கல்லூரி மாணவர் பலரும் பொய்ப்பெயர் பூண்டு அவ்வாறே ஆடினர். தோர்ப் தம் சொந்தப் பெயரிலேயே ஆடியமையால் அகப்பட்டார். முறைப்பாடு முப்பது நாளுக்குள் செய்யப்படவேண்டும் என்ற போட்டி விதியும் புறக்கணிக்கப்பட்டது. அவர் 1953இல் இறந்தபின், 1983இல் பதக்கங்களின் பிரதிகள் அவருடைய பிள்ளைகளுக்கு அளிக்கப்பட்டன. ஆயினும் இணை வெற்றியாளர் என்றே பதியப்பட்டார். தனி வெற்றியாளர் என ஏற்றுக்கொள்ளப்பட்டது 2022இலே.

பாடசாலையின் உள்நிலையும் விரைவில் வெளிப்பட்டது. கஸ் வெல்ச் முன்னின்று திரட்டிய முறைப்பாட்டில் இருநூறுக்கு மேற்பட்ட மாணவர் ஒப்பமிட்டனர். 1914ஆம் ஆண்டில் அமெரிக்கக் காங்கிரசின் கூட்டுக்குழு கார்லைலுக்கே வந்து விசாரித்தது. விளையாட்டு நிதி கையாளப்பட்ட விதம், ஆட்டக்காரர்க்குக் கொடுக்கப்பட்ட பணம், மாணவர்க்கு இடப்பட்ட தண்டனை, உணவின் குறை ஆகியன பற்றிச் சாட்சியம் பதியப்பட்டது. வோர்னரின் வன்சொற்களைக் குறித்து அவருடைய ஆட்டக்காரரே சாட்சி கூறினர். அதிபர் நீக்கப்பட்டார்; பணக் குற்றத்துக்காக அவர்மீது தொடுக்கப்பட்ட வழக்கில் விடுவிக்கப்பட்டார். வோர்னர் பிற்ஸ்பேர்க் சென்று மேலும் புகழ்பெற்றார். அழிக்கப்படவேண்டியவராகக் கருதப்பட்ட மாணவர், தமக்குக் கற்பிக்கப்பட்ட ஆங்கிலத்தாலேயே அரசாங்கத்துக்கு முறையிட்டு அதனை அசைத்தமை களத்தில் ஈட்டிய எவ்வெற்றிக்குங் குறைந்ததன்று. சஞ்சிகைகளில் அதற்குப் படம் இல்லை.

வெல்ச் பின்னர் சட்டம் பயின்று, முதலாம் உலகப்போரிற் படை அலுவலராய்ப் பணிபுரிந்தார். ஆதிக்குடிகள் யாவர்க்கும் அந்நாட்டுக் குடியுரிமை வழங்கிய சட்டம் வந்தது 1924இலேதான். பாடசாலையோ 1918இல் மூடப்பட்டுப் படையினரின் மருத்துவமனையாயிற்று. இன்று அங்கிருப்பது தரைப்படையின் போர்க்கல்லூரி. அணியினர் பயின்ற மைதானம் இன்னும் உண்டு.

மைதானத்தைப் போலவே இடுகாடும் உண்டு. காசநோய் முதலியவற்றால் வீடு திரும்பாமலே மாண்ட பிள்ளைகளின் நடுகற்கள் அங்கே 180க்கு மேல் நின்றன. சிலவற்றிற் பெயர் பிழை; சிலவற்றிற் பெயரே இல்லை. உறவினர் நெடுங்காலம் வேண்டியதன் பயனாக 2017ஆம் ஆண்டு முதற்கொண்டு தரைப்படையினர் அவ்வெலும்புகளைத் தோண்டியெடுத்து அவரவர் மக்களிடம் ஒப்படைத்து வருகின்றனர். 2024ஆம் ஆண்டு டிசெம்பரில் அவ்விடம் தேசிய நினைவிடமாகப் பிரகடனஞ் செய்யப்பட்டது.

தோர்ப்பின் உடல் அங்கில்லை. அவர் இறந்தபோது சாக் அண்ட் பொக்ஸ் மக்களின் சடங்கு நிறைவெய்துமுன்னரே மனைவியார் உடலை எடுத்துச்சென்றார். பென்சில்வேனியாவில் இரண்டு சிற்றூர்கள் ஒன்றாகி, ‘ஜிம் தோர்ப்’ என்னும் பெயரையே தமக்குச் சூட்டிக்கொண்டு அவ்வுடலைப் பெற்றன. அவர் ஒருநாளேனும் வாழ்ந்திராத ஊர் அது. புதல்வர் 2010இல் வழக்குத் தொடுத்தனர். கீழ் நீதிமன்றம் அவர்கள்பக்கம் தீர்ப்பளித்தது. 2014இல் மேன்முறையீட்டு நீதிமன்றம் அதனை மாற்றியது. 2015இல் உயர் நீதிமன்றம் வழக்கை எடுக்க மறுத்தது. அவருடல் பென்சில்வேனியாவிலேயே இருக்கின்றது.